கதிரை இல்லாத ராசா

மூண்டு நாளா எனக்கு வாழ்த்து வந்துகொண்டிருக்கு. எங்கடை பள்ளிக்கூடத்துப் பழைய ஆக்களின்ரை வட்ஸ்அப்பிலை, பாரிசிலை இருக்கிற தபாற்காரற்றை மகன் ஒரு கறுப்பு வெள்ளைப் படத்தைப் போட்டாரெல்லோ, அதுதான் காரணம். மேடையிலை கிரீடம் வைச்ச ராசா நாடியை நிமித்திக்கொண்டு நிக்கிறார். கீழை முன்வரிசை முழுக்க எழும்பி நிக்குது.

"அட, விதானையாற்றை மேளெல்லோ ராசா! அப்பவே என்ன ஒரு எடுப்பு!" எண்டு முதல் எழுதினது லண்டன்காரி. பேந்து கனடாக்காரர். பேந்து பூங்கொத்தும் கைதட்டுமாக் கொட்டுண்டுது. விதானையாற்றை மேள் நான்தானே, கைகூப்புற படமொண்டைப் போட்டிட்டுப் பறையாமல் இருந்திட்டன்.

பாருங்கோ, நான் ஓம் எண்டும் சொல்லேல்லை, இல்லை எண்டும் சொல்லேல்லை. எழுபது தாண்டின மனிசிக்கு உப்பிடி ஒரு ஆசை இருக்குமோ எண்டு நீங்கள் கேப்பியள். இருக்கு. ராத்திரிச் சாப்பாட்டுக்கு முன்னம் ஒருக்கா, பின்னம் ஒருக்கா அந்த வாழ்த்துகளை எடுத்து வாசிச்சனான்.

படத்தின்ரை வலப்பக்க ஓரத்திலை ஒரு கையும் ஒரு தடியும் தெரியும். பெருப்பிச்சுப் பாருங்கோ. அந்தக் கைதான் நான். ராசா வேறை ஆள்.

எங்கடை ஐயாவை உங்களுக்கு ஞாபகம் இருக்கும். ஊருக்கு விதானையார். களவு, காணிச்சண்டை, ஆடு வேலி பாஞ்ச கதை எல்லாம் எங்கடை வீட்டு முத்தத்திலைதான் தீரும். விறாந்தையிலை ஐயாவின்ரை கதிரை. கைபிடி ரண்டிலையும் சிங்கத்தலை செதுக்கினது. காலிப் பட்டினத்திலை கடை வைச்சிருந்த மாமா கொண்டந்து குடுத்தவர். ஐயா வழக்குக் கேக்கேக்கை பெருவிரலாலை அந்தச் சிங்கத்தின்ரை நெத்தியைத் தடவிக்கொண்டிருப்பார். தடவித் தடவி அந்த இடம் தேஞ்சு வழுவழுத்துப் போச்சு. முன்னாலை வாற ஆம்பிளையள் தோள் சால்வையை எடுத்துக் கமக்கட்டுக்குள்ளை இடுக்கிக்கொண்டு நிப்பினம். சிலர் நிக்கவும் மாட்டினம், மணலிலை குந்துவினம்.

அந்தச் சிலர் ஆரெண்டு நான் சொல்லத் தேவையில்லை. ஆனாலும் சொல்லுறன், ஏனெண்டா நாங்கள் எல்லாரும் சொல்லாமல் விட்டுத்தான் பழகினனாங்கள். எங்கடை பனையளிலை கள்ளுச் சீவின குடும்பம் ஒண்டு. அவை எங்கடை வீட்டிலை கதிரையிலை இருக்க ஏலாது, வாங்கிலை இருக்க ஏலாது. பள்ளிக்கூடத்திலை எல்லாருக்கும் ஒரே ஆசனம் எண்டு அரசாங்கம் சொல்லியும், அந்தப் பிள்ளையள் எங்கடை வகுப்பிலை சுவரோரம் நிலத்திலைதான் இருந்தவை. நாங்கள் வாங்கிலை இருந்து நீதிப்பாட்டுப் பாடமாக்கினனாங்கள். அந்த வீட்டு மேள் ஒருத்தி என்ரை வயசு, என்ரை வகுப்பு. என்னை அவள் நீ எண்டும் கூப்பிடாள், நீங்கள் எண்டும் கூப்பிடாள். ரண்டுமில்லாமல், ஆளைத் தொடாமல் கதைப்பாள்.

அந்த வருசம் புளியங்கூடலிலையிருந்து ஒரு இளம் வாத்தியார் சைக்கிளிலை வந்து போனவர். பரிசளிப்பு விழாவுக்கு நாடகம் போடவேணும் எண்டார். எங்கடை ஊரிலை நாடகம் எண்டா ஒரு வழக்கம் இருந்ததெல்லோ: சாமான் எந்த வீட்டிலையிருந்து வருதோ, வேசமும் அந்த வீட்டுக்குத்தான். பட்டுச்சேலை குடுக்கிற வீட்டுப் பிள்ளை ராணி. வாள் செய்து குடுக்கிற தச்சுப் பட்டறைப் பொடியன் தளபதி. சிங்காசனத்துக்கு எங்கடை கதிரையை ஐயா குடுத்தவர். அப்ப ராசா ஆர்? இதிலை யோசிக்க என்ன கிடக்கு!

வாத்தியார் வாய் திறக்கமுன்னமே நான் கிரீடம் செய்யத் துவங்கிட்டன். நூலாலை என்ரை தலையைச் சுத்தி அளந்து, பிஸ்கற் பெட்டி மட்டையை வெட்டி, சிகரெட் பெட்டியின்ரை வெள்ளித்தாளை நகத்தாலை நீவி நீவி, மாப்பசையாலை ஒட்டினது. பசையின்ரை புளிச்ச மணம் ஒரு கிழமையா என்ரை விரலிலை கிடந்தது. குசினிக்குள்ளை தண்ணிக்குடத்திலை குனிஞ்சு, என்ரை முகத்தைக் கிரீடத்தோடை பாப்பன். அம்மா, "எடி விசரி, தண்ணிக்குள்ளை வெள்ளித்தாள் விழப்போகுது!" எண்டு கத்துவா.

பேந்துதான் வாத்தியார் எல்லாரையும் வேம்புக்குக் கீழை கூப்பிட்டு ராசாவின்ரை வசனத்தை வாசிக்கச் சொன்னார். எனக்குக் குரல் இல்லையெண்டு ஒருத்தரும் சொல்லேலாது. எங்கடை ஆடு மண்கும்பான் பக்கம் போனாலும் நான் கூப்பிட்டாத் திரும்பி வரும். அந்தக் குரல் முழுக்கப் போட்டு வாசிச்சன். வேம்பிலை இருந்த காகமெல்லாம் எழும்பிப் போச்சு. எனக்கு ஒரே புளுகமும் பெருமையும்.

கடைசியா அவளின்ரை முறை. அவள் சத்தம் போடேல்லை. மெல்ல, ஒவ்வொரு சொல்லா எடுத்து வைச்சாள். என்னடி சொல்லுறாள் எண்டு கேக்கிறதுக்காக நாங்கள் எல்லாரும் கிட்டக் கிட்டப் போனம். போனாப்பிறகுதான் எனக்கு விளங்கினது, எங்கடை ஐயா கதைக்கிறதும் அப்பிடித்தான். ஐயா சத்தம் போடார். மற்றவைதான் குனிஞ்சு கிட்டப் போவினம்.

"இவதான் ராசா," எண்டார் வாத்தியார். என்னைப் பாத்து, "நீர் கட்டியக்காரன். உம்மடை குரல் கூப்பிடுற குரல்" எண்டார்.

"சேர், கதிரை எங்கடை," எண்டன்.

"ஓம் பிள்ளை, ஐயாவுக்கு நன்றி சொல்லிவிடும்."

கோதாரி! அதுக்குப் பிறகு அவர் என்ரை பக்கம் பாக்கவே இல்லை.

நாடகம் ஒரு நல்ல தண்ணிக் கிணத்து வழக்கு. நல்ல தண்ணிக்கு அடிபடுற எங்கடை தீவுக்கு இதைவிட வேறை கதை வேணுமே? கிணறு ஆருக்குச் சொந்தம் எண்டு ரண்டு பகுதி அடிபடும். தாகத்தோடை வாற ஆருக்கும் கிணறு சொந்தம் எண்டு ராசா தீர்ப்புச் சொல்லுவார். எனக்கு ரண்டே ரண்டு வசனம். ராசா வரேக்கை, "மாமன்னர் வருகிறார்! அவையோர் அனைவரும் எழுந்து நில்லுங்கள்! மன்னர் அமரும்வரை எவரும் அமரலாகாது!" ராசா சிங்காசனத்திலை இருந்தாப்பிறகு, "அவையோர் அமரலாம்!" அவ்வளவுதான். ரண்டு நிமிசத்திலை பாடமாக்கிட்டு, மிச்ச நாள் முழுக்க அவளைப் பாத்து எரியிறதுதான் எனக்கு வேலை.

நாடகம் பழகிறதுக்கு எண்டு எங்கடை கதிரையை வண்டிலிலை ஏத்திக்கொண்டந்து வைச்சினம். அவள் அதிலை இருக்க மாட்டனெண்டு தள்ளித் தள்ளி நிண்டாள். வாத்தியார் தோளிலை பிடிச்சு இருத்தினார். நுனியிலை கொஞ்ச நேரம் இருந்தாள். பேந்து சாஞ்சாள். பேந்து, ஒருத்தரும் சொல்லிக் குடுக்காமலே, பெருவிரலாலை சிங்கத்தின்ரை நெத்தியைத் தடவிக்கொண்டு தீர்ப்புச் சொல்லத் துவங்கினாள்.

எங்கடை ஐயா! அப்பிடியே எங்கடை ஐயா! தலையைச் சரிக்கிற விதம், சொல்ல முன்னம் ஒருக்கா மூச்சு விடுற விதம், எல்லாம். முத்தத்து மணலிலை தேப்பனோடை குந்திக்கொண்டிருந்து எத்தினை வருசமாப் பாத்திருக்கிறாள்! நான் அந்த வீட்டிலை பிறந்து வளந்தும் ஐயாவை அப்பிடி ஒருநாளும் பாக்கேல்லை. ராசா வேசம் போனது ஒரு எரிச்சல். என்ரை ஐயாவையே அவள் எடுத்துக்கொண்டு போனது வேறை எரிச்சல்.

அண்டைக்குப் பின்னேரமே ஐயாவிட்டைப் போனன். பேப்பர் பாத்துக்கொண்டிருந்தார்.

"ஐயா, பள்ளிக்கூடத்திலை எங்கடை கதிரையிலை ஆர் இருக்கினம் தெரியுமோ?"

"ஆர்?"

சொன்னன். அவர் பேப்பரை இறக்கேல்லை. எனக்குப் போதாமல் கிடந்தது.

"ஐயா மாதிரியே இருந்து கதைக்கிறாள். சிங்கத்தையும் தடவுறாள். எல்லாரும் சிரிக்கினம்."

சிரிச்சது பொய். ஒருத்தரும் சிரிக்கேல்லை. வாயைப் பிளந்துகொண்டு பாத்தவை.

ஐயா அப்பதான் பேப்பரை மடிச்சார். "ஆரை மாதிரி?" எண்டார். நான் திருப்பிச் சொன்னன். "சரி, நீ போய்ப் படி" எண்டார்.

அவளை நிப்பாட்டச் சொல்லுவார் எண்டு நான் நினைச்சன். ஐயா அப்பிடி மொக்குவேலை செய்யிற ஆளில்லை. நிப்பாட்டினா ஆரேனும் பெட்டிசம் எழுதுவினம், சட்டம் வரும். அடுத்தநாள் வண்டிலை அனுப்பிக் கதிரையை மட்டும் எடுப்பிச்சுப்போட்டார். "விழாவுக்குக் காரியாதிகாரி வாறார். அவர் இருக்கிறதுக்கு நல்ல கதிரை வேணும்" எண்டு ஆள் வந்து சொன்னது. காரியாதிகாரி ஐயாவுக்கு மேலதிகாரி, வாத்தியார் மாட்டனெண்டு சொல்ல ஏலுமே? பள்ளிக்கூடத்து முக்காலி ஒண்டையும் அவளுக்கு வைக்கக்கூடாது எண்டு தலைமை வாத்தியாருக்கும் சொல்லிவிட்டிருக்கிறார். ஊரின்ரை முன்னுக்கு அவள் ஆசனத்திலை இருக்கக்கூடாது, அவ்வளவுதான் ஐயாவின்ரை எண்ணம்.

வாத்தியார் வெறும் மேடையைப் பாத்தார். பேந்து கொடுப்புக்குள்ளை சிரிச்சார். "சரி, ராசா நிண்டுகொண்டே நீதி சொல்லட்டும்" எண்டார். வசனத்திலை ஒரு எழுத்தையும் மாத்தேல்லை. மறந்தாரோ, வேணுமெண்டு விட்டாரோ, இண்டைக்கும் எனக்குத் தெரியாது.

விழா பின்னேரம் மூண்டு மணிக்கு. மண்டபத்துக்குள்ளை மண்கும்பான் வெள்ளை மணல் பரப்பி, முன்னுக்குக் கதிரை வரிசை. நடுவிலை எங்கடை சிங்கக்கைக் கதிரையிலை காரியாதிகாரி. பக்கத்திலை ஐயா. மேடைக்குப் பின்னாலை வாத்தியார் என்னட்டைக் கிரீடத்தைக் கேட்டார். எல்லாற்றை கண்ணும் என்னிலை. குடுத்தன். அவளின்ரை தலையிலை வைச்ச உடனை அது வழுகிப் புருவத்திலை வந்து நிண்டுது.

"பெரிசாக் கிடக்கு," எண்டாள்.

"அது என்ரை தலைக்கு அளந்தது," எண்டன்.

சிரட்டைக்கரி குழைச்சு வாத்தியார் அவளுக்கு மீசை கீறிக்கொண்டிருந்தார். "குனியாதையும். நாடியை நிமித்திப் பிடியும், விழாது" எண்டார். அதுதான் நீங்கள் படத்திலை காணுற எடுப்பு. கிரீடம் முகத்தை மறைச்சதாலைதான் உங்களுக்கும் ஆளைத் தெரியேல்லை.

நான் தடியோடை போய் என்ரை வசனத்தைச் சொன்னன். "எழுந்து நில்லுங்கள்!" எண்டு நான் போட்ட சத்தத்திலை காரியாதிகாரி ஒருக்காத் திடுக்கிட்டார். பேந்து சிரிச்சுக்கொண்டு, "ஓ, அரச கட்டளையெல்லோ!" எண்டு எழும்பி நிண்டார். பம்பலுக்குத்தான் எழும்பினவர். ஆனால் மேலதிகாரி நிக்கேக்கை விதானையார் இருக்க ஏலுமே? ஐயா படக்கெண்டு எழும்பினார். எழும்பின கையோடை, அந்த அதிகாரிக்கு முன்னாலை எப்பவும் செய்யிற பழக்கத்திலை, தோள் சால்வையை எடுத்துக் கமக்கட்டுக்குள்ளை வைச்சார். விதானையார் எழும்ப முன்வரிசை எழும்பினது. முன்வரிசை எழும்ப மண்டபம் முழுக்க எழும்பினது.

ராசா வந்தாள். இருக்கக் கதிரை இல்லை. ராசா இருக்கேல்லை, அதாலை காரியாதிகாரி இருக்கேல்லை. அவர் இருக்கேல்லை, அதாலை ஐயாவும் இருக்கேல்லை.

இனித்தான் நான் சொல்லவேண்டிய சங்கதி. "அவையோர் அமரலாம்" எண்டு நான் ஒரு வசனம் சொல்லியிருந்தா அந்த நிமிசமே எல்லாரும் இருந்திருப்பினம். என்ரை வாய்க்குள்ளைதான் அது கிடந்தது. நான் சொல்லேல்லை. சனத்துக்குக் கால் நோகட்டும், அவளை ஏசட்டும், நாடகம் குழம்பட்டும் எண்டு நினைச்சன். பொறாமைதான். வேறை பேர் அதுக்கு இல்லை.

ஒருத்தரும் ஏசேல்லை. அவள் கதைக்கக் கதைக்க மண்டபம் மூச்சுக் காட்டாமல் நிண்டுது. "கட்டியக்காரனே, நீ போய் அந்த ஏழையை அழைத்து வா" எண்டாள். நாடகத்திலைதான் அவள் முதல்முதல் என்னை நீ எண்டவள். கால்மணித்தியாலம், கடைசிவரைக்கும், சால்வையைக் கமக்கட்டுக்குள்ளை வைச்சபடி எங்கடை ஐயா அவளுக்கு முன்னாலை நிண்டார். அவளோ நாடியை நிமித்திக்கொண்டு அவரைத் திரும்பியும் பாக்கேல்லை. என்ன திமிர் எண்டு ஐயா நினைச்சார். நானும் அதைத்தான் நினைச்சன்.

முடியக் காரியாதிகாரி கை தட்டினார். மற்றவையும் தட்டக் கையை எடுத்தவை. ஐயாவின்ரை முகத்தைக் கண்டிட்டு விட்டிட்டினம். ஒரு ஆள் மட்டும் தட்டுறது எப்பிடிக் கேக்கும் எண்டு உங்களுக்குத் தெரியும். நக்கல் மாதிரித்தான் கேக்கும். சேலைத்திரையை இழுத்தாப்பிறகு நான் போய்ப் பிடுங்காத குறையாக் கிரீடத்தை வாங்கினன். அவள் ஏதோ கேட்டவள். நானும் ஏதோ சொன்னன். அது மனசிலை நிக்கேல்லை. அவள் பின்வாசலாலை போயிட்டாள்.

அடுத்தநாள் விடுமுறை. ஐயா ஒரு ஏச்சு ஏசேல்லை, ஒருத்தருக்கும் கை நீட்டேல்லை. பனையை மட்டும் வேறை ஆளுக்குச் சீவக் குடுத்தார். ரண்டு கிழமையிலை அந்தக் குடும்பம் தட்டுமுட்டுச் சாமானோடை வன்னிக்குப் போயிட்டுது. பள்ளிக்கூடம் துவங்கேக்கை சுவரோரம் அவளின்ரை இடம் வெறுமையாக் கிடந்தது. எனக்கு ஆறுதலா இருந்தது, ஏன் பொய் சொல்லுவான். கிரீடத்தைப் பிறகு எலி அரிச்சுப்போட்டுது. கதிரையும் சண்டையாலை நாங்கள் இடம்பெயரேக்கை வீட்டோடை போச்சு.

ஆனால் எரிச்சல் போகேல்லை. நான் கலியாணம் முடிச்சு, பிள்ளை பெத்து, ரீச்சரா இருந்து பென்சனும் எடுத்திட்டன். ஐயா எனக்கு முன்னாலை ஒருநாளும் எழும்பி நிக்கேல்லை. அவளுக்கு முன்னாலை நிண்டவர். அதை அவள் மேடையிலை நிண்டு கண்ணாலை கண்டிருக்கிறாள். அந்த ஒரு காட்சிக்காகத்தான் இவ்வளவு காலமும் நான் எரிஞ்சது.

இப்ப ஆரோ அவளையும் எங்கடை குழுவிலை சேத்துவிட்டிருக்கினம். நோர்வேயிலை மேளோடை இருக்கிறாளாம். முந்தநாள் லண்டன்காரி அவளிட்டை, "உமக்கு இந்த நாடகம் ஞாபகம் இருக்கோ?" எண்டு கேட்டிருந்தா. அதுக்கு அவள் எழுதின பதில் உங்கள் எல்லாருக்கும் வந்தது: "ஓம். விதானையாற்றை மேள் நல்லாச் செய்தவ."

எனக்குக் கன்னத்திலை அறைஞ்ச மாதிரி இருந்தது. நக்கலோ? இல்லாட்டி, போனாப் போகுது, வைச்சுக்கொள் எண்டு தூக்கிப் போடுறாளோ? தாராளத்திலையும் என்னை வெண்டுபோட்டாளே எண்டு ஒரு நாள் முழுக்கக் கொதிச்சுக்கொண்டு திரிஞ்சன். நேற்றுப் பின்னேரம் பொறுக்கேலாமல் போனை எடுத்தன்.

"ராசா நீரெல்லோ. ஏன் நான் எண்டு எழுதினனீர்?" எண்டு கேட்டன்.

"அது எனக்கு வேண்டாம்," எண்டாள். "சனமெல்லாம் எழும்பிப் போற படத்திலை நான் என்னெண்டு பேர் சொல்லுறது?"

"எழும்பிப் போற படமோ?"

"கிரீடம் விழாமல் நான் கூரைமுகட்டைத்தானே பாத்துக்கொண்டு நிண்டனான். கதிரையள் இழுபடுற சத்தம் கேட்டது. நான் வந்தது பிடிக்காமல் எல்லாரும் போகினம் எண்டு விளங்கிட்டுது. பயத்திலை இன்னும் பலத்துச் சொன்னனான். முடிய ஒரு ஆள் மட்டும் நக்கலாத் தட்டினது. திரைக்குப் பின்னாலை கேட்டனான், சனம் போயிட்டுதோ எண்டு. நீர்தான் சொன்னனீர், ஓம், எல்லாரும் எழும்பிப் போயிட்டினம் எண்டு. விழாவைக் குழப்பினதுக்குத்தான் பனையை எடுத்தவை எண்டு என்ரை ஐயாவும் அம்மாவும் நானும் கடைசிவரைக்கும் நினைச்சனாங்கள்."

சொன்னன், என்ன? ஓம், சொல்லியிருப்பன். அவள் சொல்லச் சொல்ல என்ரை குரல் எனக்கே கேட்டது. அவள் காணவே இல்லை, பிள்ளையள்! நான் எதுக்காக இவ்வளவு காலம் எரிஞ்சனோ, அதை அவள் காணவே இல்லை. என்ரை தலைக்கு அளந்த கிரீடம் அவளின்ரை கண்ணை மறைச்சது, என்ரை வாய் மிச்சத்தை மறைச்சது.

"ஒருத்தரும் போகேல்லை," எண்டன். "எல்லாரும் உமக்கு எழும்பி நிண்டவை."

"போகேல்லையோ?"

"இல்லை."

"உம்மடை ஐயாவும் நிண்டவரோ?"

"ஓம். சால்வையைக் கமக்கட்டுக்குள்ளை வைச்சுக்கொண்டு. படத்தைப் பெருப்பிச்சுப் பாரும்."

பேந்து, மெல்ல, அந்தப் பழைய குரலிலை கேட்டாள்: "எவ்வளவு நேரம்?"

"கடைசிமட்டும்," எண்டன்.

அவள் சிரிச்சாளோ அழுதாளோ எனக்குத் தெரியாது. எதுவா இருந்தாலும் அது அவளின்ரை. எனக்கு அதுக்கும் எரியுது, மறைக்கேல்லை.

இதுதான் சங்கதி. படத்திலை இருக்கிற ராசா அவ. நான் கட்டியக்காரன். எனக்கு அனுப்பின வாழ்த்தெல்லாத்தையும் அவவுக்குத் திருப்பி அனுப்புங்கோ. கெதியா அனுப்புங்கோ, எனக்கு மனம் மாறமுன்னம்.